மணிக்கட்டுச் சூடு

ஜூலை 3, புதன்

அரிசிக் கடையில் கொடுத்த டைரி ஜனவரியிலிருந்து சும்மா கிடந்தது. இனி இதில்தான் கன்டின்யூட்டி எழுதப் போகிறேன். எந்தக் காட்சியில் எந்தக் காயம், எவ்வளவு பெரிது, என்ன நிறம் என்று குறித்து வைக்காவிட்டால் மறுநாள் இடது கன்னத்துப் புண் வலது கன்னத்துக்குப் போய்விடும். அப்போது டைரக்டரைக் கேட்க மாட்டார்கள், மேக்கப்மேனைத்தான் கேட்பார்கள்.

புதுப் படம் ஒப்புக்கொண்டிருக்கிறேன். பெயர் வைக்கவில்லை, 'புரொடக்ஷன் நம்பர் நாலு' என்கிறார்கள். டைரக்டர் இனியனுக்கு முப்பத்தொரு வயது. பேசும்போது இரண்டு கையும் சேர்ந்து பேசும். கதை இதுதான்: ஒரு மலை ஊருக்கு டீச்சராக வரும் பெண்ணுக்கு உடம்பில் ஒரு திட்டு வருகிறது. அது செதிலாகிறது, வெடிக்கிறது. ஊர் அவளைப் பூட்டி வைத்துக் கடைசியில் கொளுத்துகிறது.

"சார், இது பேய்ப் படம் இல்ல. நோய் வந்தவங்கள நாம எப்படி நடத்துறோம்ங்கறதுதான் படம். அவ உடம்பு ஒரு உருவகம். பேய் யாருன்னா அந்த ஊருதான்" என்றார்.

"சரி சார். எத்தனை ஸ்டேஜ் மேக்கப்?" என்றேன்.

ஐந்து ஸ்டேஜ். பார்த்துவிட்டு வரச் சொல்லி ஏழு வெளிநாட்டுப் படங்களைப் பென் டிரைவில் கொடுத்திருக்கிறார்.

பரமு அண்ணனிடம் சொன்னேன். பரமசிவம் என் அசிஸ்டென்ட், ஆனால் என்னைவிட எட்டு வயது மூத்தவர். இருவரும் ஒரே குருவிடம் தொழில் பழகினோம். எனக்கு மேக்கப் சங்கத்தின் சீஃப் கார்டு கிடைத்தது, அவருக்குக் கிடைக்கவில்லை. பதினோரு வருஷமாக என்னோடு இருக்கிறார்.

"செதிலா? காசிமேடு போய் மீனப் பாத்துட்டு வந்துடறேன்பா" என்றார்.

"அப்படியே ஒரு கிலோ சங்கரா வாங்கிட்டு வந்துடுங்க" என்றேன்.

ஜூலை 6, சனி

ஏழில் மூன்று பார்த்தாயிற்று. மனைவி பூங்கோதை ஐந்து நிமிஷம் உட்கார்ந்துவிட்டு, "சாப்பாட்டு நேரத்துல இதையா போடுவீங்க" என்று தட்டை எடுத்துக்கொண்டு சமையலறைக்குப் போய்விட்டாள்.

ஒருத்திக்கு முதுகில் பாசி முளைக்கிறது. ஒருவனுக்கு விரல்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்கின்றன. ஒரு குடும்பமே உருகுகிறது. சிலிக்கான் வேலை அபாரம், ஒட்டிய ஓரமே தெரியவில்லை. ஆனால் நான் கவனித்தது வேறு. மூன்றிலும் ஒரு குளியலறைக் கண்ணாடி வருகிறது. முதல் திட்டைப் பார்த்ததும் அந்த ஆள் தாழ்ப்பாள் போடுகிறான். சட்டைக் கையை இறக்கி விட்டுக்கொள்கிறான். வெளியே வந்து வீட்டாரோடு சிரித்துப் பேசுகிறான். ரத்தமும் சதையும் அதற்கப்புறம்தான். எனக்கென்னவோ அந்த இடத்தைத்தான் பார்க்க முடியவில்லை. மூன்றாவது படத்தில் அதை ஓட்டி விட்டுவிட்டேன்.

சட்டை தேய்க்கும்போது இடது மணிக்கட்டில் பட்டு ஒரு கொப்புளம். எப்போது பட்டதென்றே தெரியவில்லை. படத்தையே நினைத்துக்கொண்டிருந்தால் இப்படித்தான்.

ஜூலை 12, வெள்ளி

லுக் டெஸ்ட். கதாநாயகி மிருதுளா நாடகத்திலிருந்து வந்த பெண், இருபத்தாறு வயது. மூன்று மணி நேரம் நாற்காலியில் அசையாமல் உட்கார்ந்திருந்தாள்.

முதல் ஸ்டேஜ்: இடது தோள்பட்டை, ஒரு ரூபாய் அளவுத் திட்டு. நடுவில் வெளிறல், ஓரத்தில் செம்பு நிறம், ஓரம் லேசாக மேடு. மேலே முடி இல்லை, வியர்வை மினுக்கம் இல்லை. பவுடரை நடுவில் மட்டும் போடவேண்டும்.

இனியன் மூக்கு படும் அளவுக்குக் குனிந்து பார்த்தார். "எப்படி சார் இவ்ளோ ரியலா? எந்த ரெஃபரன்ஸ்?"

"எல்லாம் மனசுல இருக்கறதுதான் சார்" என்றேன்.

சரி, டைரியிலாவது எழுதிவிடலாம். என் இடது முன்கையின் உட்புறத்தில் அப்படி ஒரு தேமல் இருக்கிறது. போன வருஷம் பசை எடுக்கிற ஸ்பிரிட் ஒத்துக்கொள்ளாமல் வந்தது. கையிலேயே மாதிரி இருக்கும்போது புத்தகத்தைத் தேடுவானேன்.

கடைசியில், புண்ணுக்காக உருக்கி வைத்த ஜெலட்டின் கொஞ்சம் என் கையில் சிந்திவிட்டது. நான் பிரஷ் கழுவிக்கொண்டிருந்தேன். பரமு அண்ணன் பதறிக்கொண்டு வந்து துடைத்தார். துடைத்த பிறகும் கையை விடாமல் பார்த்துக்கொண்டே நின்றார். வயதாக ஆக மனிதருக்குப் பதற்றம் கூடிவிட்டது.

ஜூலை 13, சனி

முழுக்கைச் சட்டை நான்கு வாங்கினேன். கோத்தகிரியில் குளிருமாம்.

ஆகஸ்ட் 5, திங்கள்

கோத்தகிரி. பழைய பங்களா, பத்தடிக்கு அப்பால் ஒன்றும் தெரியாத மூடுபனி. நான்கு மணிக்கு எழுந்து ஏழரைக்குள் மூன்றாவது ஸ்டேஜ் முடிக்கவேண்டும்.

குளிரில் ஜெலட்டின் சீக்கிரம் இறுகுகிறது. தோள், கழுத்து என்று நேராக உடம்பில் ஊற்றிப் பரப்பும் இடங்களுக்கு அது இளக்கமாக இருந்தாக வேண்டும். அதனால் அடிக்கடி சூடாக்குகிறோம். எங்கள் தொழிலில் இதற்கு ஒரு முறை உண்டு. அசிஸ்டென்ட் உருக்குவார். சீஃப் தன் மணிக்கட்டின் உட்புறத்தில் ஒரு சொட்டு வைத்துப் பார்த்துவிட்டுத்தான் நடிகர் உடம்பில் வைப்பார். குரு எங்களுக்குச் சொல்லிக்கொடுத்த முதல் பாடம் அது. அவனவன் தோல் தாங்காததை அடுத்தவன் தோலில் வைக்காதே என்பார்.

ஆகஸ்ட் 8, வியாழன்

மூன்றாவது ஸ்டேஜ் மேக்கப்போடு மிருதுளா சாப்பிட வந்தாள். கலைத்தால் மறுபடி மூன்று மணி நேரம் ஆகும் என்பதால் அப்படியே வந்துவிட்டாள். பந்தியில் அவள் உட்கார்ந்ததும் பக்கத்து இலைக்காரர் சாம்பார் வாங்கும் சாக்கில் எழுந்தவர் திரும்பி வரவில்லை. எதிரில் இருந்தவர்கள் வேகமாகச் சாப்பிட்டார்கள். எல்லோருக்கும் அது பசையும் பெயிண்டும் என்று தெரியும். காலையில் நான் ஒட்டும்போது வேடிக்கை பார்த்தவர்கள்தான்.

இனியன் இதைத் தூரத்திலிருந்து பார்த்து என் தோளைப் பிடித்தார். "பாத்தீங்களா சார், இதுதான் நம்ம படம்." அவருக்கு அவ்வளவு சந்தோஷம். அவரும் போய் அவள் பக்கத்தில் உட்காரவில்லை.

பரமு அண்ணன்தான் இலையைத் தூக்கிக்கொண்டு போய் அவள் பக்கத்தில் உட்கார்ந்தார். "அப்பளம் வேணாமாம்மா? அப்ப எனக்குக் குடு" என்றார். அவள் சிரித்ததில் உதட்டோரத்துச் செதில் விட்டுவிட்டது. ஒட்டுவதற்கு இருபது நிமிஷம் பிடித்தது.

நான் எங்கே உட்கார்ந்தேன் என்று எழுத வேண்டாம்.

பயம் தோலில் இல்லை. பக்கத்தில் இருப்பவன் பின்னால் எடுத்து வைக்கிறானே ஒரு அடி, அதில் இருக்கிறது. ஏழு படத்திலும் கேமரா அந்தக் காலைக் காட்டவே இல்லை.

ஆகஸ்ட் 11, ஞாயிறு

விடுமுறை. பரமு அண்ணன் துணி துவைத்துக்கொண்டிருந்தார். அவர் இடது மணிக்கட்டில் சிவப்புச் சிவப்பாகப் புள்ளிகள், பத்துப் பன்னிரண்டு இருக்கும். சில காய்ந்து கறுத்திருந்தன. என்ன என்று கேட்டேன். "ஜெலட்டின் தெறிச்சுதுப்பா" என்றார். இத்தனை வருஷ வேலையில் இப்படித் தெறிக்க விடுகிறவர் இல்லை. கை நடுங்குகிறது போலிருக்கிறது. ஒருநாள் பேச வேண்டும்.

ஆகஸ்ட் 14, புதன்

இன்று கையும் களவுமாகப் பிடித்தேன். கிண்ணத்தை என்னிடம் கொடுக்கும் முன் திரும்பி நின்று தன் மணிக்கட்டில் ஒரு சொட்டு வைத்துப் பார்க்கிறார். நான் சீஃபா அவர் சீஃபா? கார்டு கிடைக்காத ஆற்றாமையை இப்படித் தீர்த்துக்கொள்கிறார் என்று பட்டது.

"அண்ணே, டெஸ்ட் பண்றது என் வேலை. உருக்குறது உங்க வேலை. ரெண்டையும் குழப்பாதீங்க" என்றேன். கேரவனில் மிருதுளா, காஸ்ட்யூம் அம்மா எல்லோரும் இருந்தார்கள். கொஞ்சம் சத்தமாகவே சொல்லிவிட்டேன்.

"இல்லப்பா, ஒரு தடவ வச்சுப் பாத்துட்டா..."

"வேணாம்னா வேணாம்."

அப்புறம் அவர் வைத்துப் பார்க்கவில்லை.

ஆகஸ்ட் 19, திங்கள்

ஷூட்டிங் நின்றுவிட்டது.

மூடுபனி விலகுவதற்குள் ஒரு ஷாட் எடுக்கவேண்டும் என்று இனியன் பறந்தார். நான்காவது ஸ்டேஜ், காறை எலும்பின் மேல் பெரிய வெடிப்பு. பரமு அண்ணன் கிண்ணத்தை நீட்டினார். "கொஞ்சம் ஆறட்டும்பா" என்றார். நான் மணிக்கட்டில் வைத்துப் பார்த்தேன். சரியாகத்தான் இருந்தது. கரண்டியால் அள்ளிக் காறை எலும்பில் வைத்துப் பரப்பினேன்.

மிருதுளா கத்திய கத்தல் கீழே ரோடு வரை கேட்டிருக்கும். நடிப்பு என்று நினைத்து வெளியே யாரோ கைதட்டினார்கள். ஜெலட்டின் ஒட்டிக்கொள்ளும், உதறினால் போகாது. பரமு அண்ணன்தான் பக்கெட் தண்ணீரை அப்படியே ஊற்றினார். பிய்த்து எடுத்தபோது தோலும் கூட வந்தது.

ஆஸ்பத்திரியில் உள்ளங்கை அளவு தீக்காயம் என்றார்கள். தழும்பு நிற்குமாம்.

"எப்படி சார்?" என்று தயாரிப்பு மேனேஜர் கேட்டார். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நான் டெஸ்ட் பண்ணும்போது சரியாக இருந்தது, அதன்பிறகு பரமு அண்ணன் மறுபடி அடுப்பில் வைத்திருக்க வேண்டும் என்றேன். அப்படித்தான் நடந்திருக்க வேண்டும். வேறு எப்படி நடந்திருக்க முடியும்?

பரமு அண்ணன் என்னையே பார்த்தார். மறுத்து ஒரு வார்த்தை சொல்லவில்லை. சொல்லியிருக்கலாம்.

குளிக்கும்போது பார்த்தேன். என் இடது மணிக்கட்டிலும் ஒரு கொப்புளம், நீர் கோத்து நின்றது. ஊசியால் குத்தி நீரை எடுத்தேன். ஊசி குத்தியதும் தெரியவில்லை.

ஆகஸ்ட் 20, செவ்வாய்

சங்கத்துக்கு எழுத்து மூலம் விளக்கம் தர வேண்டுமாம். எழுதினேன்:

'நான் பரிசோதித்த பிறகு என் உதவியாளர் திரு. பரமசிவம் ஜெலட்டினை மீண்டும் சூடாக்கியதை நேரில் பார்த்தேன். அவருடைய மணிக்கட்டில் பழைய சூட்டுக் காயங்கள் பல உள்ளன. வயது காரணமாக அவருக்குக் கவனம் குறைந்துவிட்டது என்று கருதுகிறேன்.'

நேற்று 'வைத்திருக்க வேண்டும்' என்று எழுதியிருக்கிறேன். இன்று 'நேரில் பார்த்தேன்'. மேலே உள்ள பக்கத்தைக் கிழித்துவிடலாமா என்று யோசித்தேன். கன்டின்யூட்டி நோட்டில் பக்கம் கிழிக்கக் கூடாது.

இனியன் போன் செய்தார். "சார், அந்தக் காயம் ஆறறதுக்குள்ள க்ளோசப்புல எடுத்துட்டா ஒரிஜினலா இருக்கும், மிருதுளாகிட்ட நீங்க கொஞ்சம் பேசிப் பாருங்களேன்." நான் போனை வைத்துவிட்டேன். ஊர்தான் பேய் என்று சொன்ன பிள்ளை.

ஆகஸ்ட் 30, வெள்ளி

சென்னை. சங்கத்துக்குப் போய்க் கடிதத்தில் கையெழுத்துப் போட்டேன். செயலாளர் அருணகிரி தன் பேனாவைக் கொடுத்தார். தங்க நிற மூடி. கையெழுத்தின் கடைசிப் புள்ளி வைப்பதற்குள் கையை நீட்டிவிட்டார். "பேனாவக் குடுங்க சிகாமணி, பொண்ணு வாங்கிக் குடுத்தது" என்றார்.

விசாரணை முடியும்வரை பரமு அண்ணனுக்கு வேலை இல்லை. யாரும் கூப்பிடக் கூடாது.

செப்டம்பர் 6, வெள்ளி

கை காட்டப் போனேன். நம் ஏரியாவில் வேண்டாம் என்று இரண்டு பஸ் மாறித் தூரத்தில் ஒரு ஆரம்ப சுகாதார நிலையம். தேமலுக்கு ஏதாவது களிம்பு கொடுப்பார்கள் என்று நினைத்துத்தான் போனேன். டாக்டர் பார்த்துவிட்டுப் பின்னால் ஓர் அறைக்கு அனுப்பினார். அங்கே கிரேஸ் சுகந்தி என்று ஒரு அம்மாள், ரிட்டயர் ஆகும் வயது.

"கண்ண மூடிக்கோங்க. பேனா முனையால தொடுவேன். தொடுற எடத்த விரலால காட்டுங்க."

தொட்டபோதெல்லாம் காட்டினேன். எல்லாம் சரியாகச் சொல்லிவிட்டேன் என்றுதான் நினைத்தேன். கண்ணைத் திறந்தால் கை நெடுகப் பேனாப் புள்ளிகள். தேமலுக்கு உள்ளே மட்டும் ஏழு இருந்தன. ஒன்றைக்கூட நான் காட்டவில்லை.

மணிக்கட்டின் உட்புறத்திலும் நான் காட்டாத இரண்டு புள்ளி. சொட்டு வைத்துப் பார்க்கிற அதே இடம்.

அந்த அம்மாள் நோயின் பெயரைச் சொன்னார். நான் இங்கே எழுத மாட்டேன்.

"ஆறு மாசம் மாத்திர. இலவசம். மொத டோஸ இங்கயே என் முன்னாடி போட்டுக்கோங்க. மருந்து ஆரம்பிச்சிட்டா கொஞ்ச நாள்லயே அடுத்தவங்களுக்குப் பரவாது. வீட்ல உள்ளவங்கள ஒரு தடவ கூட்டிட்டு வாங்க, பாத்துடலாம். வெரலெல்லாம் நல்லாருக்கு, இன்னும் ஒரு வருஷம் விட்டிருந்தா கஷ்டம். இது சக்கர, பிரஷர் மாதிரி ஒரு நோய்தான் சார். அதுங்களாவது சாவற வரைக்கும் கூட வரும். இது போயிடும்."

நான் அழுதேன். அவர் மின்விசிறியைப் போட்டுவிட்டு ரிஜிஸ்டரைத் திறந்தார்.

"என்ன வேல பாக்குறீங்க?"

"பெயின்டர்."

"நல்ல வேள. சினிமாவோன்னு நெனச்சேன், கையில பசை வாசன." அவரே சிரித்துக்கொண்டார். "பழைய படத்துல எல்லாம் பாவம் பண்ணவனுக்குக் கடேசி ரீல்ல இந்த நோவ வச்சிருவாங்க. அதப் பாத்த ஜனம் எங்ககிட்ட எப்படி சார் வரும்? ஒளிச்சு ஒளிச்சு வச்சு, வெரல் போனப்புறம்தான் வருது."

ஐந்து ஸ்டேஜ் மேக்கப் எனக்கு ஞாபகம் வந்தது. முதல் ஸ்டேஜை என் கையைப் பார்த்துப் போட்டேன். மீதி நான்கையும் எதைப் பார்த்துப் போட்டேன் என்று பஸ்ஸில் வரும்போது யோசித்தேன். என் பயத்தைப் பார்த்துத்தான்.

செப்டம்பர் 7, சனி

முதல் டோஸில் சிறுநீர் சிவப்பாகப் போகும் என்று சொல்லித்தான் அனுப்பினார்கள். எவ்வளவு தண்ணீர் ஊற்றியும் பூங்கோதை கண்ணில் பட்டுவிட்டது. பீட்ரூட் சாப்பிட்டேன் என்றேன்.

"எங்க சாப்பிட்டீங்க? நம்ம வீட்ல பீட்ரூட் வாங்கி ஒரு மாசம் ஆச்சு."

மாத்திரை அட்டையை ஸ்பிரிட் கம் பசை டப்பாவில் வைத்திருக்கிறேன்.

செப்டம்பர் 15, ஞாயிறு

என் டம்ளரின் அடியில் ஆணியால் ஒரு கீறல் போட்டு வைத்திருந்தேன், எது என்னுடையது என்று தெரிவதற்காக. பரவாது என்று அந்த அம்மாள் சொன்னது காதில் விழுந்தது. மனசில் விழவில்லை.

பூங்கோதை டம்ளரைக் கையில் வைத்துக்கொண்டு வந்து நின்றாள். "இது என்னங்க கீறல்? துண்டத் தனியாக் காயப்போடுறீங்க, நகவெட்டி புதுசா வாங்கி வச்சிருக்கீங்க. பத்து நாளா பாத்துக்கிட்டுதான் இருக்கேன்."

சொன்னேன். சொல்லும்போது சட்டைக் கையை மேலே ஏற்றிக் காட்டினேன். அவள் தொட வந்த கையைப் பாதியில் நிறுத்திக்கொண்டாள். அரை நிமிஷம் இருக்கும். அப்புறம் தொட்டாள். அந்த அரை நிமிஷத்துக்கு அவளைக் குறை சொல்ல மாட்டேன். மிருதுளாவின் பந்தியில் நான் எழுந்து போனது அதைவிட வேகமாக.

ஆமாம், அந்தப் பக்கத்து இலைக்காரர் நான்தான்.

சாயந்திரம் பார்த்தால் டம்ளர்கள் எல்லாம் ஒன்றாகக் கழுவிக் கவிழ்த்திருந்தன. கீறல் போட்டது எது என்று நான் தேடவில்லை.

செப்டம்பர் 24, செவ்வாய்

பரமு அண்ணனின் மேக்கப் பெட்டி கோத்தகிரியிலிருந்து என் வீட்டுக்கு வந்துவிட்டது. கொடுக்கப் போனேன். யாரிடமாவது கொடுத்தனுப்பலாம் என்று நான்கு நாள் தள்ளிப் போட்டேன். பூங்கோதை, "நீங்களே போங்க" என்றாள்.

நேசப்பாக்கத்தில் ஒற்றை அறை. வரிசையாகக் கொலு பொம்மைகள் வைத்து முகம் எழுதிக்கொண்டிருந்தார். மயிலாப்பூர்க் கடைக்காரர் பழசைப் புதுப்பிக்கக் கொடுத்தாராம். செட்டியார் பொம்மைக்கு மீசை வரைந்துகொண்டே, "உக்காருப்பா, ஈரம், கால் படாம" என்றார். ஒரு வருத்தமும் காட்டவில்லை. எனக்கு அது இன்னும் கஷ்டமாக இருந்தது.

"அண்ணே, எனக்குக் கையில உணர்ச்சி இல்ல" என்றேன். வேறெதுவும் சொல்லத் தோன்றவில்லை.

"தெரியும்பா."

பிரஷ்ஷைக் கீழே வைத்தார். "லுக் டெஸ்ட் அன்னைக்கே தெரியும். கொதிக்கக் கொதிக்கச் சிந்துச்சு, நீ பாட்டுக்குப் பிரஷ் கழுவிக்கிட்டு இருந்த. அன்னையிலேந்து நான் ஒரு தடவ என் கையில வச்சுப் பாத்துட்டுத்தான் உங்கிட்ட குடுத்தேன். எனக்குச் சுட்டா ஆறவச்சுக் குடுப்பேன். அப்புறம் நீதான் வேணாம்னுட்ட."

அவர் மணிக்கட்டைப் பார்த்தேன். புள்ளிகள் இன்னும் மறையவில்லை. 'பழைய சூட்டுக் காயங்கள் பல உள்ளன' என்று நான் எழுதிக் கையெழுத்துப் போட்டவை. ஒவ்வொன்றும் எனக்குப் பதிலாக அவர் வாங்கிக்கொண்டது.

"என்கிட்ட ஏண்ணே சொல்லல?"

"எங்க பெரியப்பாவுக்கு இருந்துச்சு. ஊர்ல அவர என்ன பண்ணாங்கன்னு சின்ன வயசுல பாத்திருக்கேன். நான் வந்து உன்னப் பாத்துச் சொல்லிட்டா, அப்புறம் நீ என் மூஞ்சில முழிப்பியா? ஆனா சொல்லியிருக்கணும். சீக்கிரம் ஆஸ்பத்திரி போயிருப்ப. அந்தப் பொண்ணுக்கும் சுட்டிருக்காது. அது என் தப்புதான்."

அவர் தப்பாம்.

"சங்கத்துல கேட்டப்பவாவது சொல்லியிருக்கலாமே."

"சொல்றதுன்னா உன் கையப் பத்தில்லப்பா சொல்லணும்" என்றார். மறுபடி பிரஷ்ஷை எடுத்து மீசையின் மறு பக்கத்தைத் தொடங்கினார்.

பெட்டியை வைத்துவிட்டு வந்துவிட்டேன். மன்னிப்புக் கேட்கவில்லை. கேட்டால் உடனே 'விடுப்பா' என்று சொல்லிவிடுவார். அதைக் கேட்டுக்கொள்ள எனக்கு யோக்கியதை இல்லை.

அக்டோபர் 7, திங்கள்

ஆயுத பூஜை. பிரஷ்ஷுகள், பெட்டி, ஹேர் டிரையர் எல்லாவற்றுக்கும் சந்தனம் குங்குமம் வைத்தேன். புதிதாக வாங்கிய தெர்மாமீட்டருக்கும் வைத்தேன். முன்பே வாங்கியிருக்கலாம். குரு சொன்ன முறைக்கு மேல் ஒரு முறை உண்டா என்ற திமிர்.

அக்டோபர் 8, செவ்வாய்

நாளை விசாரணை. அதற்கு முன் மிருதுளாவிடம் சொல்ல வேண்டும் என்று போன் செய்தேன். நோயின் பெயரையும் சொன்னேன்.

"அப்ப அது பரமு அண்ணன் இல்லையா?"

"இல்லம்மா. நான்தான். பொய் சொன்னதும் நான்தான்."

"டெய்லி என் மூஞ்சியத் தொட்டீங்களே. எனக்கும் வருமா அண்ணே?"

கிரேஸ் அம்மாள் சொன்னதை அப்படியே சொன்னேன், அவர் போன் நம்பரையும் கொடுத்தேன். நான் டாக்டரக் கேட்டுக்குறேன் என்று வைத்துவிட்டாள். அவள் வேறென்ன கேட்பாள்? ஐந்து ஸ்டேஜும் அவள் உடம்பில் போட்டுக் கண்ணாடியைக் காட்டியவன் நான்.

அக்டோபர் 9, புதன்

சங்க அலுவலகம். மேஜைக்கு அந்தப் பக்கம் அருணகிரியும் இரண்டு கமிட்டிக்காரர்களும். இந்தப் பக்கம் நானும் பரமு அண்ணனும். போன கடிதம் பொய், வேறு கடிதம் தருகிறேன் என்றேன். அருணகிரி பேனாவைக் கொடுத்தார், தங்க மூடி போட்ட அதே பேனா. அங்கேயே எழுதினேன்.

'பரமசிவம் ஜெலட்டினை மீண்டும் சூடாக்கவில்லை. ஆறட்டும் என்று எச்சரித்தார். நான் கேட்கவில்லை. எனக்குத் தொழுநோய். என் இடது மணிக்கட்டில் உணர்ச்சி இல்லை. இது தெரிந்துகொள்ள வேண்டிய இடத்தில் இருந்தும் தெரிந்துகொள்ளாமல் இருந்தேன். பழியை அவர் மேல் போட்டேன். தற்போது சிகிச்சையில் இருக்கிறேன்.'

எழுதிவிட்டேன். டைரியிலும் எழுதிவிட்டேன்.

அருணகிரி வாய்விட்டுப் படித்துக்கொண்டு வந்தவர் நடுவில் மௌனமாகப் படிக்க ஆரம்பித்தார். கடைசியில் இருந்த கமிட்டிக்காரரின் நாற்காலி தரையில் கிறீச்சிட்டது. மேஜைக்கு அடியில் எனக்குக் கால்கள் தெரிந்தன. ஒரு அடி.

"பாவம், என்ன சொல்றது. சீக்கிரம் கொணமாகட்டும்" என்றார் அருணகிரி. நல்ல மனிதர்தான். எனக்கு எத்தனை மாதம் தடை என்று கமிட்டி கூடிச் சொல்லும் என்றார். நான் பேனாவை நீட்டினேன். அவர் கை எழுந்து, மேஜையிலேயே நின்றுவிட்டது.

"இருக்கட்டும் சிகாமணி. நீங்களே வச்சுக்கோங்க."

பரமு அண்ணன் வேலைக்குத் திரும்ப ஒரு தாளில் கையெழுத்துப் போட வேண்டியிருந்தது. அருணகிரி டிராயரைத் திறந்து வேறொரு பேனாவை எடுத்தார். "இருக்கட்டும் சார், இவன்கிட்ட இருக்கே" என்று பரமு அண்ணன் என் பக்கம் கையை நீட்டினார். கொடுத்தேன். பரமசிவம் என்று ஒவ்வொரு எழுத்தாக நிதானமாகப் போட்டார். மூடியை மூடி என் சட்டைப்பையில் சொருகினார். இதை எழுதுவது அந்தப் பேனாதான்.

வெளியே டீக்கடையில் இரண்டு டீ சொன்னார். எதிர்வெயில் கண்ணில் அடித்தது. கடைக்காரர் கண்ணாடி டம்ளரை நீட்டினார். நான் வழக்கம்போல இடது கையை நீட்டினேன். எனக்கு முன்னால் பரமு அண்ணன் அதை வாங்கி, பக்கவாட்டில் தன் விரலை வைத்துப் பார்த்தார்.

"கொஞ்சம் ஆறட்டும்பா" என்றார்.

ஆறும்வரை பெஞ்சில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தோம்.